இரண்டு எண்ணும் தெரியாத கணக்கு: பட்டியலா, பட்டையா, எக்ஸ்-ஒய்யா?

புதுச்சேரி கடற்கரைச் சாலை ஓரத்தில் ஸ்கூட்டரும் காருமாக 40 வண்டிகள் நிற்கின்றன. சக்கரங்களை எண்ணினால் 112. ஸ்கூட்டர் எத்தனை, கார் எத்தனை? (மாலையில் அந்தச் சாலையில் வண்டியே விடமாட்டார்கள். காலை நேரம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.)

இதை ஐந்தாம் வகுப்புப் பிள்ளையிடமும் கொடுக்கலாம், பத்தாம் வகுப்புப் பிள்ளையிடமும் கொடுக்கலாம். போடும் வழிதான் மாறும். வீட்டில் சொல்லிக்கொடுக்கும் பெற்றோருக்கும் சாயங்காலம் டியூஷன் எடுப்பவர்களுக்கும் எப்போதும் வரும் குழப்பம், எந்த வழியை முதலில் கற்றுத்தருவது என்பது. எண்களை மாற்றி மாற்றிப் பட்டியல் போடச் சொல்வதா? 'எல்லாமே ஸ்கூட்டர் என்று நினைத்துக்கொள்' என்று ஆரம்பிப்பதா? தெரியாத எண்களை நீளப் பட்டைகளாக வரையச் சொல்வதா? எப்படியும் பின்னால் வரப்போகிறதே என்று நேராக எக்ஸ், ஒய்க்குப் போய்விடுவதா?

கடைசி வழிதான் பலருக்கும் ஆசை. ஆறாம் வகுப்பிலேயே இரண்டு சமன்பாடு எழுதத் தெரிந்த பிள்ளை என்று சொல்லிக்கொள்ளலாம் அல்லவா! ஆனால் அந்த அவசரத்துக்குப் பாடத்திட்டத்தில் எந்தக் காரணமும் இல்லை. கடலூரில் தமிழ்நாடு பாடநூலில் படிக்கும் பிள்ளைக்கு இரு மாறிச் சமன்பாடுகள் (தெரியாத இரண்டு எண்ணுக்கும் எக்ஸ், ஒய் என்று எழுத்து வைப்பவை) ஒன்பதாம் வகுப்பில்தான் முழுதாக வருகின்றன: வரைபடம், பிரதியிடல், நீக்கல், குறுக்குப் பெருக்கல் என நான்கு முறைகள். புதுச்சேரி அரசுப் பள்ளிகள் சி.பி.எஸ்.இ.க்கு மாறிவிட்டதால், அங்கே படிக்கும் பிள்ளை இரண்டு சமன்பாடுகளைச் சேர்த்துத் தீர்ப்பது பத்தாம் வகுப்பில். அதிலும் குறுக்குப் பெருக்கல் இப்போது கிடையாது. பெண்ணையாற்றுக்கு இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ, ஆறாம் வகுப்புப் பிள்ளைக்கு இன்னும் மூன்று ஆண்டாவது கையில் இருக்கிறது. அந்த ஆண்டுகளைப் பட்டியலுக்கும் பட்டைக்கும் கொடுப்பதே சரி. ஏன் என்பதை அந்த 40 வண்டிகளை வைத்தே பார்க்கலாம்.

பட்டியல்

பட்டியல் முறையைப் பலர் 'ஊகித்துப் பார்ப்பது' என்று ஒதுக்கிவிடுகிறார்கள். 1 கார், 39 ஸ்கூட்டர் என்று தொடங்கி ஒவ்வொன்றாக ஏறினால் அது வீண் வேலைதான். பதினாறாவது வரியில் விடை வரும், அதற்குள் பிள்ளை எங்காவது கூட்டலில் தவறியிருக்கும். சரியான பட்டியலுக்கு இரண்டு வரி போதும். நடுவில் தொடங்க வேண்டும்.

ஸ்கூட்டர் 20, கார் 20: சக்கரம் 40 + 80 = 120
ஸ்கூட்டர் 21, கார் 19: சக்கரம் 42 + 76 = 118

இங்கே நிறுத்திவிட்டுக் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றே: ஒரு வரி இறங்கினால் சக்கரம் எத்தனை குறைகிறது? இரண்டு. ஒரு கார் போய் ஒரு ஸ்கூட்டர் வந்தால் நான்கு போய் இரண்டு வருகிறது. முதல் வரியில் 120, நமக்கு வேண்டியது 112, எட்டு அதிகம். எட்டைக் குறைக்க நான்கு வரி இறங்க வேண்டும். ஸ்கூட்டர் 24, கார் 16. சரிபார்த்தால் 48 + 64 = 112.

வரிக்கு எவ்வளவு மாறுகிறது என்ற அந்த '2'தான் இந்தக் கணக்கின் உயிர். பின்னால் வரும் எல்லா முறையிலும் அதே 2 வேறு வேறு இடத்தில் வந்து உட்காரும். பட்டியலில் அதைக் கண்ணால் பார்த்த பிள்ளைக்குச் சமன்பாடு புதிதாக இருக்காது. பார்க்காத பிள்ளை 'இதை ஏன் இரண்டால் வகுக்கிறோம்' என்று கேட்கும், அல்லது கேட்காமலே வகுக்கும். இரண்டாவது வகைதான் கவலைப்பட வேண்டியது.

எல்லாம் ஸ்கூட்டர்

நாற்பதும் ஸ்கூட்டர் என்று வைத்துக்கொண்டால் 80 சக்கரம். இருப்பது 112. மிச்சம் 32. ஒரு ஸ்கூட்டரைக் காராக மாற்றினால் 2 சக்கரம் கூடும். 32 ÷ 2 = 16 கார்.

வேகத்தில் இதை மிஞ்ச எதுவும் இல்லை. மனக்கணக்காகவே போட்டுவிடலாம். ஆனால் இரண்டு இடத்தில் சறுக்கும்.

ஒன்று, 'ஸ்கூட்டர்' என்று வைத்துக்கொண்டு தொடங்கியதால் வந்த விடையையும் ஸ்கூட்டர் என்றே எழுதிவிடுவது. எதை வைத்துத் தொடங்குகிறோமோ, விடையில் முதலில் வருவது மற்றது. 16 ஸ்கூட்டர், 24 கார் என்று எழுதினால் 32 + 96 = 128 சக்கரம். சரிபார்க்கும் பழக்கம் இருந்தால் உடனே பிடிபடும்.

இன்னொன்று, சொல்லிக்கொடுப்பவர் தேர்ந்தெடுக்கும் எண்களால் வருவது. ஸ்கூட்டரும் ஆட்டோவும் என்று கணக்குக் கொடுக்கிறார்கள்: 40 வண்டி, 96 சக்கரம். எல்லாம் ஸ்கூட்டர் என்றால் 80, மிச்சம் 16, ஆகவே ஆட்டோ 16. விடை சரி. ஆனால் மூன்றுக்கும் இரண்டுக்கும் வித்தியாசம் ஒன்று, ஒன்றால் வகுத்தது கண்ணுக்கே தெரியவில்லை. இப்படி நாலைந்து கணக்குப் போட்ட பிள்ளை 'மிச்சம்தான் விடை' என்று மனதில் பதித்துக்கொள்கிறது. அடுத்து கார் கணக்கு வந்தால் 32 கார் என்று எழுதுகிறது. ஆகவே தொடக்கத்தில் வித்தியாசம் 2, 3, 5 வரும்படியான ஜோடிகளாகக் கொடுங்கள்: ஸ்கூட்டரும் காரும், இரண்டு ரூபாய் நாணயமும் ஐந்து ரூபாய் நாணயமும், ஐந்து ரூபாயும் பத்து ரூபாயும். ஆட்டோ பிறகு வரட்டும்.

குறைவான பக்கத்திலிருந்து வைத்துக்கொண்டால் மிச்சம் வரும், அதிகமான பக்கத்திலிருந்து வைத்துக்கொண்டால் பற்றாக்குறை வரும். சுண்ணாம்பாறு படகுக்கு 52 பேர், பெரியவர் டிக்கெட் 20, சிறுவர் டிக்கெட் 10, வசூல் 870 ரூபாய் என்று ஒரு கணக்கு (கட்டணம் கணக்குக்காகச் சொன்னது). எல்லாரும் பெரியவர் என்றால் 1,040. பற்றாக்குறை 170. ஒருவருக்கு 10 வீதம் 17 சிறுவர், 35 பெரியவர். இரண்டு பக்கத்திலிருந்தும் ஒரே கணக்கைப் போடச் சொன்னால் எந்த விடை யாருடையது என்ற குழப்பம் தானாகத் தீரும்.

இதே முறையைச் சமன்பாடாக எழுதிப் பாருங்கள். கார்களின் எண்ணிக்கை க என்றால்,

2(40 − க) + 4க = 112
80 + 2க = 112
2க = 32

80, 32, 2. பட்டியலிலும் மனக்கணக்கிலும் பார்த்த அதே எண்கள். சமன்பாடு எங்கிருந்தோ வந்த மந்திரம் இல்லை என்று காட்ட இதைவிட நல்ல இடம் கிடையாது. பள்ளியில் மாறி அறிமுகமாகும் வாரத்தில், ஏற்கெனவே மனக்கணக்காகப் போட்ட கணக்கையே எடுத்து இப்படி எழுதிக்காட்டுங்கள். புதுக் கணக்கு வேண்டாம்.

க என்பது கார் அல்ல, கார்களின் எண்ணிக்கை. இதைப் பலமுறை சொல்ல வேண்டியிருக்கும். '4க' என்பதை 'நான்கு கார்' என்று படிக்கும் பிள்ளைகள் ஒன்பதாம் வகுப்பிலும் உண்டு.

பட்டை எப்போது ஜெயிக்கும்

பட்டை வரைவது சிங்கப்பூர்ப் பள்ளிகளால் பெயர் பெற்ற முறை. இங்கேயும் பல தனியார் பள்ளிகள் எடுத்துக்கொண்டுவிட்டன. எல்லாக் கணக்குக்கும் பட்டை என்று சொல்பவர்களை நம்ப வேண்டாம். வண்டிக் கணக்கைப் பட்டையில் போடப்போனால் படம்தான் பெரிதாகும், தெளிவு வராது. ஆனால் கூடுதலும் வித்தியாசமும் கொடுத்த கணக்கு, கூடுதலும் மடங்கும் கொடுத்த கணக்கு, இந்த இரண்டிலும் பட்டைக்குப் பக்கத்தில் எதுவும் நிற்காது.

பண்ருட்டிப் பலாப்பழம் இரண்டு, சேர்த்து 23 கிலோ, ஒன்று மற்றதைவிட 5 கிலோ அதிகம். இரண்டு பட்டைகளை ஒன்றின்கீழ் ஒன்றாக, இடது ஓரம் நேராக இருக்கும்படி வரைய வேண்டும். மேல் பட்டையில் நீட்டிக்கொண்டிருக்கும் துண்டுதான் 5. அதை வெட்டிவிட்டால் 18, பாதி 9. ஒரு பழம் 9 கிலோ, இன்னொன்று 14.

பட்டை இல்லாமல் போடும் பிள்ளை செய்யும் தவறு அநேகமாக ஒரே மாதிரி இருக்கும்: 23-ஐ முதலில் பாதியாக்கி 11.5, அதோடு 5 கூட்டி 16.5, கழித்து 6.5. கூட்டினால் 23 வருகிறது, பிள்ளைக்குத் திருப்தி. வித்தியாசம் 10 ஆகிவிட்டதைப் பார்க்கவில்லை. இரண்டு தெரியாத எண்ணுக்கு இரண்டு நிபந்தனை. இரண்டையும் சரிபார்க்காவிட்டால் சரிபார்த்ததாக ஆகாது. இந்த வகைக் கணக்குக்குப் பழைய இந்தியக் கணிதத்தில் சங்கிரமணம் என்று தனிப்பெயரே இருக்கிறது: கூடுதலோடு வித்தியாசத்தைக் கூட்டிப் பாதி, கழித்துப் பாதி. பட்டை வரைந்து நாலைந்து கணக்குப் போட்ட பிறகு இந்தச் சூத்திரத்தைச் சொல்லிவிடலாம். அதற்கு முன்னால் சொன்னால் எதைப் பாதியாக்குவது என்பது மறந்துபோகும்.

மடங்குக் கணக்கு: முந்திரி மூட்டை இரண்டு, சேர்த்து 75 கிலோ. பெரியது சின்னதைப் போல் 3 மடங்கும் மேலே 3 கிலோவும். சின்னதற்கு ஒரு கட்டம், பெரியதற்கு மூன்று கட்டமும் ஒரு துண்டும். 75 − 3 = 72, கட்டங்கள் நான்கு, ஒன்று 18. மூட்டைகள் 18, 57. இங்கே வரும் பிழை மூன்றால் வகுப்பது, '3 மடங்கு' என்ற சொல் காதில் நிற்பதால். 72-ஐ 3-ஆல் வகுத்தாலும் 24 என்று முழு எண்ணே வரும். இந்த 75-ஐ வேண்டுமென்றே எடுத்தோம். கூடுதல் 71 என்று கொடுத்திருந்தால் தவறான வழியில் 22.67 வந்து பிள்ளையைக் காப்பாற்றிவிடும். பயிற்சிக் கணக்கில் தவறான வழியும் அழகான எண்ணைத் தர வேண்டும், அப்போதுதான் பிழை வெளியே தெரியும்.

பட்டையில் கவனிக்க வேண்டியது, சமமான கட்டங்களைக் கிட்டத்தட்டச் சமமாகவே வரைவது. ஸ்கேல் தேவையில்லை, கட்டமிட்ட நோட்டு போதும். கட்டங்களை ஏனோதானோவென்று வரைந்தால் எது ஒரு பங்கு, எது மிச்சத் துண்டு என்று பிள்ளைக்கே தெரியாது.

வாக்கியம் எழுத்தாகும் இடம்

மடங்கு, குறைவு என்ற சொற்கள் சேர்ந்து வரும்போது மொழியே ஒரு வேலை செய்கிறது. 'ஓர் எண்ணின் மும்மடங்கிலிருந்து 4 குறைவு' என்பதைத் தமிழில் கேட்ட வரிசையிலேயே எழுதிவிடலாம்: எண், மும்மடங்கு, கழித்தல் 4. ஆங்கிலத்தில் 'ஃபோர் லெஸ் தேன்' என்று நான்கு முன்னால் வருகிறது. ஆங்கில வழிக்குப் போன பிள்ளை 4-ஐ முதலில் எழுதி அதிலிருந்து மும்மடங்கைக் கழிக்கிறது. ஆங்கிலப் புத்தகத்தில் தடுமாறும் பிள்ளையை, எழுதும் முன் அந்த வாக்கியத்தைத் தமிழில் ஒருமுறை சொல்லச் சொன்னால் பெரும்பாலும் சரியாகிவிடும். இந்த இடத்தில் தமிழ் வழிப் பிள்ளைக்கு ஒரு சலுகை இருக்கிறது, பயன்படுத்திக்கொள்ளலாம்.

ஒரு மாறி எங்கே தேவைப்படுகிறது

வயதுக் கணக்கில். அம்மாவின் வயது மகளின் வயதைப் போல் 4 மடங்கு. 6 ஆண்டுக்கு முன் 10 மடங்கு. பட்டையிலும் போடலாம், ஆனால் இருவரின் வித்தியாசம் மாறாது என்பதைப் பிடித்துக்கொண்டு அன்றைய பட்டையையும் இன்றைய பட்டையையும் ஒரே அளவுக்குக் கொண்டுவர வேண்டும். அந்தச் சாமர்த்தியம் எல்லாப் பிள்ளைக்கும் வராது. பட்டியல் போட்டால் விடை கிடைக்கும், ஆனால் தேர்வுத்தாளில் அதை எழுதிக்காட்டுவது சிரமம். மகளின் வயது ம என்று வைத்தால் இரண்டே வரி:

4ம − 6 = 10(ம − 6)
54 = 6ம

மகளுக்கு 9, அம்மாவுக்கு 36. ஆறு ஆண்டுக்கு முன் 3, 30.

அடைப்புக்குறியை விட்டுவிட்டு 4ம − 6 = 10ம − 6 என்று எழுதினால் ம = 0 வரும். பிறக்காத மகள்! இந்தப் பிழையை ஒருமுறை வேண்டுமென்றே செய்து காட்டினால், அடைப்புக்குறி எதற்கு என்று தனியாக விளக்க வேண்டியதில்லை. வயதுக் கணக்கில் இன்னொரு மறதி, காலத்தை ஒருவருக்கு மட்டும் கழிப்பது. 'அன்று', 'இன்று' என்று இரண்டு பத்தியில் நான்கு வயதையும் எழுதிவிட்டுச் சமன்பாட்டுக்குப் போகச் சொல்லுங்கள்.

ஈரிலக்க எண் கணக்குகளும் இந்தப் பக்கம்தான். இலக்கங்களின் கூடுதல் 9, இடம் மாற்றினால் 27 கூடுகிறது என்றால் எண் 36. பத்தின் இலக்கத்தை 10-ஆல் பெருக்கி எழுதாமல் இரண்டு எழுத்தை ஒட்டி எழுதிவிடுவதுதான் இங்கே பிழை.

இரண்டு மாறி

இரண்டு விதமான வாங்கல், இரண்டு பில் என்று வந்துவிட்டால் இரண்டு மாறிக்கு வேலை வந்துவிட்டது. 4 இட்லி, 2 வடை 56 ரூபாய். 3 இட்லி, 4 வடை 72 ரூபாய். ஆனால் இதையும் எழுத்தில்லாமல் பேசியே தொடங்கலாம். முதல் ஆர்டரை இரண்டு முறை கொடுத்தால்? 8 இட்லி, 4 வடை, 112 ரூபாய். அதையும் இரண்டாவது பில்லையும் பக்கத்தில் வைத்தால் வடை இரண்டிலும் நான்கு. வித்தியாசம் 5 இட்லி, 40 ரூபாய். இட்லி 8, வடை 12. இதுதான் நீக்கல் முறை, பெயர் பிறகு வரட்டும். ஏழாம் வகுப்புப் பிள்ளையால் இதைப் பேச்சாகவே போட முடியும்.

நீக்கலா, பிரதியிடலா (ஒரு மாறியை மற்றதால் எழுதி இன்னொரு சமன்பாட்டில் வைப்பது) என்றால் கெழுவைப் பாருங்கள், அதாவது மாறிக்கு முன்னால் நிற்கும் எண்ணை. எங்காவது ஒரு மாறிக்குக் கெழு 1 இருந்தால் பிரதியிடல். இல்லையென்றால் நீக்கல். கெழு 1 இல்லாத இடத்தில் பிரதியிட்டால் பின்னம் வந்து நிற்கும், பிழைகள் அங்கே பெருகும். நீக்கலில் மார்க் போவது கழிக்கும்போது குறி மாறுவதில்: −3-இலிருந்து +2-ஐக் கழித்தால் −5, பிள்ளை எழுதுவது −1. இதற்கு ஒரு வழி: கழிக்கவே வேண்டாம். கீழ்ச் சமன்பாடு முழுவதையும் −1-ஆல் பெருக்கி எழுதி, பிறகு கூட்டுவது. ஒரு வரி கூடும், பிழை குறையும்.

குறுக்குப் பெருக்கல் (கெழுக்களை அம்புக்குறி போட்டுக் குறுக்காகப் பெருக்குவது) வேகமானது. அம்புக்குறிகளின் வரிசை ஒன்று தவறினால் எல்லாம் போச்சு, எங்கே போனது என்றும் தெரியாது. கடலூர்ப் பிள்ளைகள் பாடத்தில் இருப்பதால் படிக்கட்டும், தேர்வில் முறை குறிப்பிடாத கேள்விக்கு நீக்கலையே போடட்டும்.

வரைபடம் விடை கண்டுபிடிக்க ஏற்றதல்ல. வண்டிக் கணக்கையே எடுத்தால் ஒரு கோடு இரண்டு அச்சிலும் 40-ஐத் தொடுகிறது, இன்னொன்று 56-ஐயும் 28-ஐயும் தொடுகிறது. இரண்டும் வெட்டும் கோணம் சுமார் 18 பாகை. இவ்வளவு சாய்ந்து வெட்டும் கோடுகளில் பென்சில் முனை கொஞ்சம் தடித்தாலும் 24-ஐ 23 என்றோ 25 என்றோ படித்துவிடலாம். ஆனால் தீர்வே இல்லாத கணக்கு, எண்ணற்ற தீர்வுள்ள கணக்கு என்றால் என்னவென்று காட்ட வரைபடம்தான் வேண்டும்: ஒன்றில் கோடுகள் இணையாக ஓடும், மற்றதில் ஒன்றன்மேல் ஒன்று படியும்.

பெருக்கல் கொடுத்த கணக்கு தனி. சுற்றளவு 40, பரப்பு 96 உள்ள செவ்வகம் என்றால் இரு மாறிச் சமன்பாடு இருபடிச் சமன்பாட்டில் கொண்டுபோய் விடும். 96-இன் காரணி ஜோடிகளை எழுதி, கூடுதல் 20 வருவதைத் தேடுங்கள்: 8, 12. முடிந்தது.

நேரம் குறைவான தேர்வு

எட்டாம் வகுப்பில் எழுதும் என்.எம்.எம்.எஸ். என்ற உதவித்தொகைத் தேர்வில் ஒவ்வொரு தாளிலும் 90 நிமிடத்துக்கு 90 கேள்வி. தேறினால் ஆண்டுக்கு 12,000 ரூபாய் வீதம் பன்னிரண்டாம் வகுப்பு வரை உதவித்தொகை. ஒரு கேள்விக்கு ஒரு நிமிடம் என்றால் சமன்பாடு எழுத நேரமில்லை. ஆப்ஷனை வைத்துப் பார்ப்பதுதான் வழி, அதையும் ஒழுங்காகச் செய்ய வேண்டும். ஸ்கூட்டர் எத்தனை என்று கேட்டு 16, 20, 24, 26 என்று கொடுத்திருந்தால் 20-இல் தொடங்குங்கள். சக்கரம் 120, அதிகம். ஆகவே ஸ்கூட்டர் இன்னும் கூட வேண்டும், 16 வெளியே போனது. 24 போட்டால் 112. இரண்டு முயற்சி. அந்த 16 சும்மா அங்கே வைக்கப்படவில்லை, அது கார்களின் எண்ணிக்கை. கேட்டது ஸ்கூட்டரா காரா என்று கடைசியில் ஒருமுறை கேள்வியைப் பார்க்காதவர்களுக்காக வைத்தது.

ஆனால் ஆப்ஷன் பழக்கத்தை மட்டுமே நம்பி ஒன்பதாம் வகுப்புக்குப் போனால், சமன்பாடு அமைக்கும் வரிக்கு உள்ள மதிப்பெண் போய்விடும். விடை மட்டும் சரியாக இருந்தால் முழு மார்க் கிடைக்காது. தேர்வுக்கு முந்தைய மாதங்களில் ஆப்ஷன், மற்ற நாளில் எழுதிப் போடுவது என்று பிரித்துக்கொள்ளலாம்.

வீட்டில் கணக்கு உண்டாக்கும்போது விடையை முதலில் முடிவுசெய்துவிட்டு நிபந்தனையைப் பின்னால் எழுதுங்கள். இரண்டு எண்ணும் சமமாக இருக்க வேண்டாம், பாதியாக்கியே பிள்ளை விடை சொல்லிவிடும். 40 வண்டிக்குச் சக்கரம் 80-க்குக் குறையாது, 160-ஐத் தாண்டாது, ஒற்றை எண்ணாகவும் இருக்காது. 170 என்று கொடுத்தால் சமன்பாடு 45 கார் என்று தயங்காமல் சொல்லும், ஸ்கூட்டர் −5. மாதத்தில் ஒருமுறை இப்படிக் கெட்டுப்போன கணக்கு ஒன்றை, 113 சக்கரம் என்பது போல், சொல்லாமல் நடுவில் செருகி வையுங்கள். பட்டியலில் பழகிய பிள்ளை 'வரிக்கு இரண்டுதான் மாறுது, 113 எப்படி வரும்' என்று கேட்கும். எக்ஸ், ஒய் மட்டும் தெரிந்த பிள்ளை 16.5 கார் என்று எழுதிக் கீழே இரண்டு கோடும் போட்டிருக்கும்.